தோட்டத்து லைனில் கேட்ட தண்ணீர்

டெலிபோன் எக்ஸ்சேஞ்சுக்குப் புதிதாக வேலைக்கு வந்திருக்கும் பிள்ளைகளுக்காக என் அனுபவத்திலிருந்து நாலு வார்த்தை எழுதித் தரச் சொல்லியிருக்கிறீர்கள். சந்தோஷம். ஆனால் என் பிரிவு உபசார விழாவில் நீங்கள் மேடையேறிப் பேசியபோது, யாரோ ஒரு புண்ணியவதியைப் பற்றிப் பேசுகிறீர்கள் என்று நினைத்து நானும் சேர்ந்து கைதட்டினேன். சர்வீஸ் முழுக்க ஒரு கரும்புள்ளி கூடக் கிடையாதாம். யார் சொன்னது? முதல் சீசனிலேயே மெமோ வாங்கியவள் நான். அடுத்த மாதமே விசாரணைக்குப் போய் நின்றவள். அந்த ஃபைலைச் செல்லரித்திருக்கும், அதனால் உங்களுக்குத் தெரியவில்லை. போர்டுக்கு முன்னால் எப்படி உட்கார வேண்டும், பிளக்கை எப்படிச் செருக வேண்டும் என்பதையெல்லாம் பயிற்சியில் சொல்லிக்கொடுத்துவிடுவார்கள். எந்த நேரத்தில் அதைப் பிடுங்க வேண்டும் என்று யாரும் சொல்லித் தர மாட்டார்கள். நான் சொல்லப் போவது அதைப் பற்றி.

செங்கோட்டை திருவிதாங்கூரை விட்டு நம் பக்கம் சேர்ந்து ஒன்றிரண்டு வருஷம் ஆகியிருந்த சமயம். பாவூர்சத்திரத்துக்குப் பக்கத்தில் எங்கள் ஊர். அப்பா பள்ளிக்கூட வாத்தியார், நான் எஸ்.எஸ்.எல்.சி. எழுதிய வருஷம் இறந்துபோனார். அம்மா, படிக்கிற தம்பிகள் இரண்டு பேர், நான். டெலிபோன் ஆபரேட்டர் வேலை கிடைத்தது, அதுவும் குற்றாலத்தில் என்றதும் எங்கள் தெருவே பொறாமைப்பட்டது. கொடுத்து வைத்தவள், தினமும் அருவியில் குளிக்கலாம் என்றார்கள். அந்தக் கொடுப்பினையைக் கேளுங்கள். சீசன் மூன்று மாதமும் ஊர் உலகமெல்லாம் குற்றாலத்துக்கு வந்து குளிக்கும். அத்தனை பேரும் ஃபோன் பேசுவார்கள். அதனால் எங்களுக்கு லீவு கிடையாது. தபாலாபீசுக்குப் பின்கட்டில் ஒரு சின்ன அறை, அரைக் கதவு, ஓட்டுக்கூரை. சாரல் அடிக்கும்போது ஓட்டு இடுக்கு வழியாக என் உச்சந்தலையில் சொட்டும் பாருங்கள், நான் குளித்த அருவி அதுதான்.

அறையில் ஒரு மர போர்டு. ஒவ்வொரு எண்ணுக்கும் ஒரு சின்னத் தகரக் கதவு. வெளியே யாராவது தங்கள் ஃபோனில் கைப்பிடியைச் சுற்றினால், அந்த எண்ணின் கதவு டக்கென்று கீழே விழும். நான் பிளக்கைச் செருகி எந்த நம்பர் வேண்டும் என்று கேட்பேன். வந்த முதல் வாரத்தில் கோயில் குருக்கள் வீட்டு லைனை மீன் வியாபாரி ஒருவருக்குக் கொடுத்துவிட்டு இரண்டு பக்கமும் திட்டு வாங்கினேன். அதெல்லாம் ஒரு தப்பே இல்லை. அப்படிப்பட்ட தப்புகளை நீங்களும் செய்யுங்கள், சிரித்துவிட்டுப் போகலாம்.

எங்கள் சிற்றாறு பெயருக்கேற்ற ஆறு. காலையில் பஸ் ஏறினால் மத்தியானச் சாப்பாட்டுக்குள் அது இறங்கி வருகிற மலையையும் பார்த்துவிடலாம், தாமிரபரணியில் போய்ச் சேர்கிற இடத்தையும் பார்த்துவிடலாம். குட்டை ஆளுக்குக் கோபம் அதிகம் என்பார்கள். இந்தக் குட்டை ஆற்றுக்கு அவசரம் அதிகம். தேனருவியில் ஒரு குதி, செண்பகாதேவியில் ஒரு குதி, பேரருவியில் பொங்குமாங்கடல் என்கிற பாறைக்குழியில் விழுந்து எழும்பி இன்னொரு குதி. அவ்வளவுதான், மலையை விட்டு இறங்கிவிடும். அதற்கப்புறம்தான் தென்காசிப் பக்கம் பெரிய மனுஷி மாதிரி அடக்கமாக நடக்கும். மேலே காட்டில் மழை கொட்டுகிற நேரத்தில் கீழே சுள்ளென்று வெயில் அடித்துக்கொண்டிருக்கும். அருவிக்கு அடியில் நிற்பவர்களுக்கு ஒன்றும் தெரியாது. மேலே இருக்கிற யாராவது பார்த்துச் சொன்னால் உண்டு.

மேலே இருந்து சொன்னவர் ஒரு தோட்டத்து ரைட்டர். செண்பகாதேவிக்கும் மேலே ஆற்றங்கரையை ஒட்டி ஒரு தோட்டம் இருந்தது. கிராம்பும் மங்குஸ்தானும் போட்டிருந்தார்கள். அங்கே கணக்கு வழக்கு பார்த்துக்கொண்டு தனியாக இருந்தார். செங்கோட்டைக்காரர், பேச்சில் மலையாளம் கொஞ்சம் கலந்திருக்கும். ஆற்றைக் கடக்க அங்கே ஒரு பலகைப் பாலம் உண்டு. பலகை நனைந்தால் அவர் எனக்கு ஃபோன் செய்வார். நான் பேரருவிக் கரையில் இருந்த போலீஸ் அவுட்போஸ்ட்டுக்குச் சொல்வேன். அவர்கள் விசிலடித்துக் குளிக்கிறவர்களைக் கரையேற்றுவார்கள். பிறகு தென்காசிக்குச் சொல்வேன். சாயங்காலம் பாவூர்சத்திரம் காய்கறி மண்டியிலிருந்து எங்கள் ஊர்க்காரர் யாராவது கூப்பிட்டு, ஆற்றில் புதுத்தண்ணீர் வருகிறதா என்று விசாரிப்பார். இப்படி அந்த ஆறு தலையிலிருந்து கால்வரை என் காது வழியாகத்தான் போயிற்று. கண்ணால் நான் பார்த்தது கொஞ்சம்தான்.

தினமும் காலை எட்டு மணிக்கு லைன் சரியாக இருக்கிறதா என்று பார்க்க அவர் ஒரு தடவை கூப்பிடுவார். பலகை நனையவில்லை என்பார், அல்லது ஒரு விரற்கடை கீழே ஓடுகிறது என்பார். ஒரு நாள், வேலைக்கு வந்தபின் ஒரு தடவை கூட அருவிக்குப் போகவில்லை என்று நான் வாய்தவறிச் சொல்லிவிட்டேன். எதையோ திறக்கிற சத்தம் கேட்டது. பிறகு ஃபோனில் தண்ணீர்ச் சத்தம் கேட்க ஆரம்பித்தது. ரிசீவரை ஜன்னலுக்கு வெளியே ஆற்றுப் பக்கமாகப் பிடித்திருக்கிறார். உலை கொதிக்கிற மாதிரி ஒரே சீரான சத்தம். என் அறையில் மலைத்தண்ணீர் ஓடியது. எனக்குக் கண் கலங்கிவிட்டது. ஏன் என்று கேட்டால் எனக்கு இன்றைக்கும் சொல்லத் தெரியாது.

“கேட்டுதா எக்ஸ்சேஞ்ச்? இது நல்ல தண்ணி. இதுக்கு அடியில கல்லு உருளுத சத்தம் கேட்டா மட்டும் பயப்படணும், கேட்டோ.”

அதிலிருந்து எட்டு மணிக்கு இரண்டு நிமிஷம் எனக்காக ஆற்றை ஜன்னலில் பிடிப்பது வழக்கமாகிவிட்டது. இலாகா விதிப்படி அது தப்பு. அவர் என்னை எக்ஸ்சேஞ்ச் என்பார், நான் அவரை சார் என்பேன். வேறு ஒரு வார்த்தை அதிகமாகப் பேசியதில்லை. ஆனால் ஏழே முக்காலுக்கே தலைசீவிப் பூ வைத்துக்கொண்டு போர்டுக்கு முன்னால் உட்கார்ந்துவிடுவேன். ஃபோனில் பூ தெரியுமா என்று தபாலாபீஸில் ஸ்டாம்பு விற்கும் குமாஸ்தா அண்ணாச்சி கேலி செய்வார். தெரியாது என்று எனக்கும் தெரியும்.

இப்போது அந்த லைனைப் பற்றிச் சொல்ல வேண்டும். தோட்டத்து முதலாளிக்குக் கீழே குற்றாலத்தில் ஒரு பங்களா இருந்தது. மலைக்குத் தனிக் கம்பி இழுப்பதற்குப் பதிலாகப் பங்களாவுக்குப் போன கம்பியையே மேலே நீட்டிவிட்டார். ஒரே கம்பி, இரண்டு ஃபோன்; மணி பங்களாவுக்கு ஒரு சுற்று, தோட்டத்துக்கு இரண்டு சுற்று. பங்களாவில் பேசிக்கொண்டிருக்கும்போது தோட்டத்தில் ரிசீவரை எடுத்தால் பேச்சு அப்படியே கேட்கும். அங்கிருந்து வாயைத் திறந்தால் பேசிக்கொண்டிருப்பவர்களுக்கும் கேட்கும். சீசனில் பங்களாவை வெளியூர்க்காரர்களுக்கு வாடகைக்கு விடுவார்கள். அந்த வருஷம் வாடகைக்கு வந்த பங்களாக்காரர் பெரிய குடும்பஸ்தர். கல்யாணத்துக்கு ஒரு பெண் வைத்திருந்தார். மாப்பிள்ளை தேடும் வேலை முழுவதையும் ஃபோனிலேயே முடித்துவிடுவது என்று தீர்மானம் செய்தவர் மாதிரி பேசிக்கொண்டே இருப்பார்.

ஒரு நாள் அவர் அப்படிப் பேசிக்கொண்டிருக்கும்போது ரைட்டர் இடையில் புகுந்து, மன்னிக்க வேண்டும், ஆற்றில் தண்ணீர் ஏறுகிறது, லைன் வேண்டும் என்று சொல்லிவிட்டார். லைன் கிடைத்ததும் அவர் எனக்குச் சொல்ல, நான் உடனே அவுட்போஸ்ட்டுக்குச் சொன்னேன். ஆட்களைக் கரையேற்றினார்கள். ஆனால் அன்றைக்கு ஆறு எங்களை ஏமாற்றிவிட்டது. தண்ணீர் கொஞ்சம் கலங்கி, ஒரு முழம் ஏறி, வடிந்துபோயிற்று. தலையில் எண்ணெயோடு நின்றவர்களெல்லாம் போலீஸ்காரர்களைத் திட்டினார்கள். பங்களாக்காரர் புகார் எழுதிப் போட்டார். மூன்றாம் நாள் எனக்கு மெமோ வந்தது. வேலை நிரந்தரமாகாதவள் என்பதை ஞாபகம் வைத்துக்கொள்ளும்படி எங்கள் மேற்பார்வையாளர் ஃபோனிலும் சொன்னார். இனிமேல் ஒருவர் பேசும்போது இன்னொருவர் இடையில் பேசினால் தோட்டத்து இணைப்பையே எடுத்துவிடுவதாக உத்தரவு, அதை நானே தோட்டத்துக்குச் சொல்லிவிட வேண்டும் என்றார்.

பிள்ளைகளா, உத்தரவைச் சொல்வதிலும் ஒரு விதம் இருக்கிறது. மேலே இருப்பவர்கள் இப்படிச் சொல்கிறார்கள் சார், கொஞ்சம் யோசித்துச் செய்வோம் என்று சொல்லியிருக்கலாம். நான் அம்மாவையும் தம்பிகளையும் நினைத்துப் பயந்துபோயிருந்தேன். பயந்தவர்கள்தான் அதிகாரமாகப் பேசுவார்கள். மறுநாள் காலை எட்டு மணிக்கு அவர் கூப்பிட்டதும், வணக்கம் கூடச் சொல்லாமல், ஆள் பேசும்போது இடையில் பேசக்கூடாது, லைன் ஓய்ந்தபிறகுதான் கூப்பிட வேண்டும், இது இலாகா உத்தரவு என்று ஒப்பித்தேன்.

“தண்ணி ஏறினாலுமா?” என்று கேட்டார்.

“எதுவானாலும்” என்றேன்.

“சரி. சாரமில்ல” என்றார். பரவாயில்லை என்பதற்கு அவர்கள் பக்கத்து வார்த்தை அது. அன்றைக்கு ஜன்னல் பக்கம் ரிசீவரைப் பிடிக்கவில்லை. மறுநாளும் பிடிக்கவில்லை. பலகை நனையவில்லை என்று மட்டும் சொல்லிவிட்டு வைத்துவிடுவார். நானும் கேட்கவில்லை.

இரண்டு வாரம் போயிருக்கும். ஞாயிற்றுக்கிழமை, மத்தியானம் மூன்று மணி. நல்ல வெயில். பேரருவியில் கூட்டம் நெரிகிறது என்று குமாஸ்தா அண்ணாச்சி வந்து சொல்லிவிட்டுப் போனார். பங்களாக்காரருக்குச் சென்னைக்கு ட்ரங்க் கால் கிடைத்திருந்தது. மாப்பிள்ளை வீடு. ஜாதகம் பொருந்திவிட்டது, முகூர்த்தம் பார்க்க வேண்டியதுதான் பாக்கி. மூன்று நிமிஷம் முடிந்ததும் நான் லைனுக்குள் போய் இன்னும் மூன்று நிமிஷம் வேண்டுமா என்று கேட்க வேண்டும். கேட்டேன். வேண்டும் என்றார். வெளியே வரப் போகிற நேரத்தில் கிளிக்கென்று ஒரு சத்தம்.

தோட்டத்தில் ரிசீவரை எடுத்திருக்கிறார்கள். யாரும் பேசவில்லை. மூச்சு மட்டும் கேட்டது. ஓடி வந்த ஆளின் மூச்சு. அந்த மூச்சுக்குப் பின்னால் அரிசி மூட்டையை அவிழ்த்துத் தரையில் கொட்டுகிற மாதிரி ஒரு சத்தம், விடாமல். அதற்கும் அடியில் குடுகுடுவென்று இன்னொன்று. கிளிக். வைத்துவிட்டார்.

நான் லைனை விட்டு வெளியே வரவில்லை. ஒட்டுக் கேட்பது குற்றம் என்று தெரிந்தேதான் கேட்டுக்கொண்டிருந்தேன். மறுபடி எடுத்தார். பங்களாக்காரர் தாலி கட்டும் நேரத்தைப் பற்றிப் பேசிக்கொண்டிருந்தார். மறுபடி வைத்தார். மூன்றாவது தடவை எடுத்தபோது தொண்டையைச் செருமினார். இப்போது பேசிவிடுவார், பேசிவிட்டால் பாரம் அவருடையது, நான் தப்பித்தேன் என்று நினைத்தேன். இப்படி நினைத்ததை எழுத வெட்கமாக இருக்கிறது, ஆனாலும் எழுதுகிறேன். அவர் பேசவில்லை. நான் சொன்ன சொல்லை அவர் காப்பாற்றினார். கிளிக் என்று வைத்தார்.

நாலாவது கிளிக்குக்காகக் காத்திருந்தேன். வரவில்லை. ஒரு மூச்சை நம்பி ட்ரங்க் காலை வெட்டினேன் என்றால் எவன் ஒப்புக்கொள்வான்? வெட்டி, வெள்ளமும் வராமல் போனால் வேலை போய்விடும். வெட்டாமல் வெள்ளம் வந்தால்? அருவிக்கு அடியில் குழந்தை குட்டியோடு எத்தனை பேர். இதைத் தீர்மானிக்க எனக்கு மூன்று நிமிஷம் முழுசாகப் பிடித்தது. இரண்டாவது தடவையும் நேரம் முடிந்தபோது பங்களாக்காரர் இன்னொரு நீட்டிப்பு கேட்டார். பதில் சொல்லாமல் பிளக்கைப் பிடுங்கினேன்.

உடனே தோட்டத்துக்கு மணி அடித்தேன். எடுக்க ஆளில்லை. அவுட்போஸ்ட்டைக் கூப்பிட்டேன். அங்கே இருந்த ஏட்டையா நல்ல மனிதர், ஆனால் போன தடவை ஜனங்களிடம் திட்டு வாங்கியவர்.

“தண்ணி கண்ணாடி மாதிரி விழுது தாயி. மேலே மேகமே இல்ல. தோட்டத்துல இருந்து சொன்னாகளா?”

“ஆமா, சொன்னாங்க. கல்லு உருளுதாம். ஏத்துங்க ஏட்டையா” என்றேன்.

துணிந்து பொய் சொன்னேன். அடுத்த நிமிஷமே விசில் சத்தம் என் அறை வரைக்கும் கேட்டது. விடாமல் அடித்தார்கள். அதற்குப் பிறகு நான் உட்கார்ந்திருந்த நேரத்தை மட்டும் என்னால் உங்களுக்குச் சொல்லிப் புரியவைக்க முடியாது. பங்களாவின் ஒற்றைச் சுற்றில் தகரக் கதவு திரும்பத் திரும்ப விழுந்தது. நான் எடுக்கவில்லை. வெள்ளம் வராவிட்டால் என் கதி என்ன என்று ஒரு மனசு. வர வேண்டும் என்று வேண்டிக்கொள்வது பாவமில்லையா என்று இன்னொரு மனசு. கடைசியில் அவுட்போஸ்ட்டின் கதவு விழுந்தது.

“எல்லாரும் கரையேறியாச்சு தாயி. ஒரு ஆள் பாக்கியில்ல. நாங்க நின்னுக்கிட்டிருந்த இடத்துல இப்பம் தண்ணி நிக்கி” என்றார் ஏட்டையா. செம்மண் நிறத்தில், மரக்கிளையும் கல்லுமாக வந்ததாம்.

ரைட்டருக்கு என்ன ஆயிற்று என்பது சாயங்காலம் தெரிந்தது. லைன் கிடைக்காது என்று தீர்மானித்ததும் அவர் மலைப்பாதையில் ஓடியிருக்கிறார். செண்பகாதேவி அருவியில் கோயிலுக்கு வந்த ஜனங்கள் குளித்துக்கொண்டிருந்தார்கள். அங்கே ஃபோனும் கிடையாது, போலீசும் கிடையாது. கத்திக் கத்தி எல்லோரையும் மேட்டில் ஏற்றிவிட்டார். கடைசி ஆளுக்குக் கை கொடுக்கும்போது பாசிப் பாறையில் வழுக்கி விழுந்து வலது கால் முறிந்தது. தோட்டத்து ஆட்கள் கயிற்றுக் கட்டிலில் போட்டுத் தூக்கிக்கொண்டு போய்த் தென்காசி ஆஸ்பத்திரியில் சேர்த்தார்கள். முதல் கிளிக்கிலேயே நான் பிளக்கைப் பிடுங்கி, சொல்லுங்க சார் என்று கேட்டிருந்தால், கீழே பேரருவியை நான் பார்த்துக்கொள்வேன் என்ற நிம்மதியோடு அவர் இன்னும் ஒன்றிரண்டு நிமிஷம் முன்னால் கிளம்பியிருப்பார். தண்ணீர் நெருங்கும் முன்பே கடைசி ஆளையும் ஏற்றிவிட்டிருப்பார். அந்தக் கால் முறிந்ததில் எனக்குப் பங்கு உண்டு.

விசாரணை வந்தது. பங்களாக்காரர் விட்டுவிடுவாரா? நிச்சயதார்த்தப் பேச்சை நடுவில் வெட்டினால் மாப்பிள்ளை வீட்டார் என்ன நினைப்பார்கள்? விசாரிக்க வந்த அதிகாரி வயதானவர், என்னைக் காப்பாற்றவே நினைத்தார். தோட்டத்திலிருந்து தகவல் வந்ததாக ஏட்டையா நோட்டில் எழுதியிருந்தார். அதைக் காட்டி, வழியும் சொன்னார்.

“தோட்டத்து ரைட்டர் இடையில பேசித் தகவல் சொன்னாரு, அதனால கட் பண்ணினேன்னு எழுதிக் குடும்மா. உன் மேல ஒண்ணும் இல்லன்னு ஆயிரும்.”

எவ்வளவு சுலபம் பாருங்கள். நான் ஏட்டையாவிடம் சொன்ன பொய்யையே காகிதத்திலும் எழுத வேண்டியதுதான். ஆனால் அப்படி எழுதினால், உத்தரவை மீறி இடையில் பேசியவர் அவர் என்றாகிவிடும். தோட்டத்து இணைப்பு போய்விடும். அதற்குக் காரணமான ரைட்டரை முதலாளி வைத்துக்கொள்வாரா? கால் முறிந்து கிடக்கிற மனிதரின் வேலையையும் நான் பிடுங்க வேண்டும். பேனாவைக் கையில் வைத்துக்கொண்டு வெகுநேரம் உட்கார்ந்திருந்தேன். அதிகாரி டீ வரவழைத்துக் கொடுத்தார்.

“அவரு பேசல சார். பேசக்கூடாதுன்னு நான்தான் சொல்லியிருந்தேன். மூச்சும் தண்ணிச் சத்தமும் மட்டும்தான் கேட்டுது. ஏட்டையாகிட்ட நான் பொய் சொன்னேன்” என்றேன்.

அவர் கண்ணாடியைக் கழற்றி மேஜைமேல் வைத்தார். மூச்சைக் கேட்டேன் என்று எழுதினால் மேலே சிரிப்பார்கள் என்றார். அப்படித்தான் எழுதிக் கொடுத்தேன். வேலை போகவில்லை. நிரந்தரமாவது ஆறு மாதம் தள்ளிப்போயிற்று. இன்னொன்றும் நடந்தது. அடுத்த சீசனுக்கு முன்னால் தோட்டத்துக்குத் தனிக் கம்பி இழுக்க உத்தரவாயிற்று. அதில் எனக்குக் கொஞ்சம் பெருமை உண்டு, மறைப்பானேன்.

இங்கேயே நிறுத்தினால் நீங்கள் மறுபடி கைதட்டுவீர்கள். அதனால் மிச்சத்தையும் எழுதிவிடுகிறேன்.

ஆஸ்பத்திரி இருந்தது தென்காசியில், மூன்று மைல். நான் போகவில்லை. விசாரணை முடிகிறவரை சம்பந்தப்பட்டவர்களைப் பார்க்கக் கூடாது என்று சொல்லியிருந்தார்கள். முடிந்தபிறகு, கல்யாணமாகாத பெண் முன்பின் பார்த்திராத ஆம்பிளையைப் பார்க்க ஆஸ்பத்திரிக்குப் போனால் ஊர் என்ன பேசும் என்று பயம். அதையும் தாண்டி, என்ன முகத்தோடு போய் நிற்பது என்று வெட்கம். நாளைக்குப் போகலாம், நாளைக்குப் போகலாம் என்று ஒன்றரை மாதம் ஓடிவிட்டது. தோட்டத்தில் வேறு ஒருவர் காலை எட்டு மணிக்குக் கூப்பிட்டு, பலகை நனையவில்லை என்று சொல்வார். நான் பதிலுக்கு ஒன்றும் சொல்லாமல் கொஞ்ச நேரம் காதில் வைத்துக் கேட்டுக்கொண்டிருப்பேன். அந்த மனிதர் சட்டென்று வைத்துவிடுவார். ஜன்னல் எந்தப் பக்கம் இருக்கிறது என்று கூட அவருக்குத் தெரிந்திருக்காது. ஒரு குரலுக்காக இப்படி ஏங்க முடியும் என்று அதுவரை எனக்குத் தெரியாது.

சீசன் முடிந்து கூட்டம் குறைந்திருந்த ஒரு நாள் காலை. லாட்ஜ்காரர் ஒருவருக்கு மதுரைக்கு ட்ரங்க் கால் போட்டுக் கொடுத்திருந்தேன். ஹெட்ஃபோனைக் காதில் மாட்டியபடி திரும்பினால் அரைக் கதவுக்கு அந்தப் பக்கம் ஒருவர் நிற்கிறார். உயரமான ஆள், ஒல்லி, கக்கத்தில் ஊன்றுகட்டை. ஏதோ ட்ரங்க் கால் புக் பண்ண வந்தவர் என்று நினைத்தேன். அந்த முகத்தை நான் அதற்கு முன்னால் பார்த்ததே இல்லையே. கொஞ்சம் பொறுங்கள் என்று கையைக் காட்டினேன். தலையை ஆட்டிவிட்டுச் சுவரில் சாய்ந்துகொண்டார்.

மூன்று நிமிஷம் ஆயிற்று. லாட்ஜ்காரர் இன்னும் மூன்று கேட்டார். கொடுத்தேன். இடையில் வேறு இரண்டு கதவு விழுந்தது, அவற்றையும் பார்த்தேன். நடுவில் ஒரு தடவை திரும்பியபோது அவர் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். கோபமாக இல்லை. சொல்ல ஏதோ வைத்திருக்கிற மாதிரி வாய் அசைந்தது. பிறகு சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தார். அடுத்த தடவை நான் திரும்பியபோது இரண்டு கையையும் சேர்க்க முடியாமல் ஒரு கையை நெஞ்சில் வைத்து வணக்கம் சொல்லிவிட்டு, கட்டையை ஊன்றி மெல்லத் திரும்பி நடந்தார். நானும் வேலை மும்முரத்தில் தலையை ஆட்டினேன். அந்தக் கட்டை தரையில் படும் சத்தம் வாசல் வரைக்கும் கேட்டது.

லாட்ஜ்காரர் பேசி முடித்து வைத்ததும் குமாஸ்தா அண்ணாச்சி உள்ளே வந்தார்.

“என்னம்மா, பேசாம அனுப்பிட்டியே. யாருன்னு தெரியலையா? தோட்டத்து ரைட்டருல்லா அவரு. புனலூர்ப் பக்கம் வேற தோட்டத்துக்குப் போறாராம். செங்கோட்டைல ரயிலைப் பிடிக்கணும்னு நின்னாரு. கூப்பிடுதேன்னு சொன்னேன். வேண்டாம், ஆள் பேசும்போது இடையில பேசப்பிடாதுன்னு அவங்க எனக்குச் சொல்லியிருக்காங்கன்னுட்டுச் சிரிச்சாரு.”

காதில் மாட்டியிருந்ததைக் கழற்றி வீசிவிட்டு ஓடினேன். போர்டை விட்டு எழுந்து ஓடியது என் சர்வீஸில் அந்த ஒரு தடவைதான். செங்கோட்டை பஸ் திருப்பத்தில் போய்க்கொண்டிருந்தது. பின்கண்ணாடியில் ஒரு தலையும் தெரியவில்லை.

அவரிடம் சொல்ல எனக்கு ஒரே ஒரு வாக்கியம் இருந்தது, சார், அன்றைக்கு நான் கேட்டுக்கொண்டுதான் இருந்தேன் என்று. பிறகு எனக்குக் கல்யாணம் ஆயிற்று, பிள்ளைகள் பிறந்தார்கள், பேரன் பேத்தி எடுத்துவிட்டேன். எந்தக் குறையும் இல்லை. ஆனால் அந்த வாக்கியம் இன்னும் என்னிடமேதான் இருக்கிறது.

லாட்ஜ்காரர் அந்த ஆறு நிமிஷமும் மதுரைச் சலவைக்காரரிடம் என்ன பேசினார் என்று உங்களுக்குச் சொல்கிறேன். வெளுக்கப் போட்ட தலையணை உறை எப்போது வரும் என்று கேட்டுக்கொண்டிருந்தார். ஆற்றுக்காக ஒரு கல்யாணப் பேச்சையே வெட்டியவள் நான். எனக்காக அந்தத் தலையணை உறைப் பேச்சை வெட்ட எனக்குத் தோன்றவில்லை.